ஆலைநிலத்து ஆட்டங்கள் – பகுதி 11: பீட்டர் தங்கராஜ்

இராயபுரத்தில் 1856-ஆம் ஆண்டு தென்னிந்தியாவின் முதல் ரயில் நிலையம் திறக்கப்பட்ட காலந்தொட்டு, 1905-இல் துறைமுக நிர்வாகத்துக்கென்று ஒரு சபை ஏற்பட்டு, 1948-இல் பிறந்த அசோக் மோட்டார்ஸ் எண்ணூரில் பட்டறை அமைத்து, 1955-இல் திருவொற்றியூருக்கு என்ஃபீல்டு மோட்டார் சைக்கிளும் அதே ஆண்டில் பெரம்பூருக்கு ரயில்பெட்டித் தொழிற்சாலையும் வந்து சேர்ந்தது வரையில், வடசென்னையின் சரித்திரத்தை எழுதப் புகுந்தவர்கள் பெரும்பாலும் சரக்கையும் சம்பளத்தையும் தொழிற்சங்கத்தையும் பற்றியே விரிவாக எழுதியிருக்கிறார்கள். அவை எழுதப்பட வேண்டியவையே. ஆயினும் அதே ஸ்தாபனங்களின் சம்பளப் பட்டியலில் குமாஸ்தா என்றும் பிட்டர் என்றும் கலாசி என்றும் பெயர் பதிந்து, வேலை முடிந்த மாலைப் பொழுதில் அந்த ஸ்தாபனத்தின் பெயரைச் சட்டையில் தாங்கிக்கொண்டு மைதானத்துக்குப் போன மனிதர்களுக்கும் அந்தச் சரித்திரத்தில் பங்கு உண்டு என்ற எண்ணத்தினால்தான் இத்தொடரை எழுதத் தொடங்கினேன்.

துறைமுகம், ரயில்வே, ரயில்பெட்டித் தொழிற்சாலை ஆகிய ஸ்தாபனங்கள் காற்பந்திலும் ஹாக்கியிலும் அணிகளை வளர்த்தன என்பதும், நன்றாக ஆடத் தெரிந்த ஏழை வீட்டுப் பிள்ளைக்கு அந்த அணிகளே உத்தியோகத்தின் வாசலாக இருந்தன என்பதும் வடசென்னையில் எல்லாரும் அறிந்த செய்தி. ஆட்டத்துக்கு ஈடாக உத்தியோகம், உத்தியோகத்துக்கு ஈடாக ஆட்டம் என்ற இந்த ஏற்பாட்டைச் சிலர் சலுகை என்று பேசுவார்கள். என் அபிப்பிராயம் வேறு. இந்த நாட்டில் அரை நூற்றாண்டுக் காலம் விளையாட்டு உயிரோடிருந்ததே அந்த ஏற்பாட்டினால்தான்; அதிலும் மைதானத்தில் நிற்கும் பதினொருவரில் யாருக்கு அந்த நிழல் மிகவும் தேவைப்பட்டது என்று கேட்டால், கோல் கம்பங்களுக்கு நடுவே நிற்கிறவனுக்குத்தான் என்று தயங்காமல் சொல்வேன்.

அதற்குக் காரணம் உண்டு. முன்வரிசையில் ஓடுகிறவன் பதினெட்டு வயதிலேயே பிரகாசித்து, கால்களில் வேகம் இருக்கும் ஏழெட்டு ஆண்டுகளுக்குள் பேரும் புகழும் எடுத்து ஒதுங்கிவிடலாம். கோல்கீப்பருடைய வித்தை அப்படி விரைவில் கனிவதில்லை. இருபத்து நான்கடி அகலமும் எட்டடி உயரமும் உள்ள அந்த வாசலை ஒரு மனித உடம்பினால் முழுதும் மறைக்க முடியாது என்பதனால், எப்போது முன்னே வந்து கோணத்தைக் குறுக்குவது, எப்போது கோட்டிலேயே நிற்பது, உயர்ந்து வரும் பந்தைப் பிடிப்பதா குத்தித் தள்ளுவதா என்பனவற்றையெல்லாம் அவன் ஆட்டத்துக்கு ஆட்டம் அடிபட்டுத்தான் கற்க வேண்டும். அந்தப் படிப்பு முடிய முப்பது வயதாகிவிடும். அதுவரைக்கும் அவனுக்குச் சோறு போட ஒருவர் வேண்டும். விரல் முறிந்து மூன்று மாதம் படுத்திருந்தாலும் மாதம் பிறந்தால் சம்பளம் வரும் ஓர் இடம் வேண்டும். அத்தகைய இடத்தைப் பெற்ற ஒருவர் எவ்வளவு தூரம் போக முடியும் என்பதைக் காண்பதற்காக, இந்தப் பகுதியில் மட்டும் நம் கடற்கரையை விட்டு நீலகிரி மலைக்கு ஏற வேண்டியிருக்கிறது.

ஏறுவதற்கு முன் உலகத்தில் வேறு இருவரைப் பார்த்துவிடலாம். இருவரும் 1929-ஆம் ஆண்டில் பிறந்தவர்கள். இருவரும் தொழிற்சாலை அணிகளில் கோல் காக்கத் தொடங்கியவர்கள்.

முதலாமவர் கனடா தேசத்தின் ஜாக் பிளாண்ட். கியூபெக் மாகாணத்தில் ஷாவினிகன் என்னும் ஆலை நகரத்தில் வளர்ந்த ஏழைக் குடும்பத்துப் பிள்ளை. அங்கே ஆடப்படுவது ஐஸ் ஹாக்கி: உறைந்த தரைமீது இரும்புத் தகடு பதித்த காலணியோடு வழுக்கிச் சென்று, மூன்று அங்குல விட்டமும் ஓர் அங்குலக் கனமும் உள்ள கெட்டி ரப்பர் வட்டைக் கோலினால் அடித்து, ஆறடி அகலமும் நாலடி உயரமும் உள்ள வலைக்குள் செலுத்துகிற ஆட்டம். சிறு வயதில் உள்ளூர்த் தொழிற்சாலை அணிக்குக் கோல் காத்த பிளாண்ட், தந்தையின் யோசனைப்படி கூலி கேட்டு, ஆட்டத்துக்கு ஐம்பது சென்ட் பெற்றார். அந்த ஐம்பது சென்டில் தொடங்கிய ஜீவனம் அவரை மாண்ட்ரியால் கனேடியன்ஸ் கழகத்துக்குக் கொண்டு சேர்த்தது. 1956 முதல் 1960 வரை தொடர்ச்சியாக ஐந்து முறை ஸ்டான்லி கோப்பையை வென்ற அணியின் வலைக்கு முன் நின்றவர் அவரே.

அந்தக் காலத்தில் ஐஸ் ஹாக்கிக் காவலர்கள் முகத்தில் எதையும் அணிவதில்லை. அணிந்தவன் கோழை என்பது சம்பிரதாயம். பயிற்சியின்போது முகமூடி போட்டுப் பழகியிருந்த பிளாண்டை ஆட்டத்தில் அதை அணியப் பயிற்சியாளர் அனுமதிக்கவில்லை. 1959 நவம்பர் 1-ஆம் தேதி நியூயார்க்கில் ஆண்டி பாத்கேட் என்பவர் அடித்த வட்டு முகத்தைக் கிழித்தது. உள்ளே போய்த் தையல் போட்டுக்கொண்டு திரும்பிய பிளாண்ட், முகமூடி இல்லாமல் இனி வலைக்கு முன் நிற்க மாட்டேன் என்றார். மாற்றுக் காவலர் எவரும் அணியோடு வந்திருக்கவில்லை. ஆகவே பயிற்சியாளர் இணங்க நேர்ந்தது. அன்றைக்கு மாண்ட்ரியால் வென்றது. முகமூடியோடு அதற்குப் பின்னும் வென்றுகொண்டே போனது. சில ஆண்டுகளில் மற்றவர்களும் அணியத் தொடங்கினார்கள். பிளாண்டின் சமகாலத்தவரான டெரி சாச்சக் முகமூடி அணியாமல் ஆடிய காலத்தில் அவர் முகத்தில் விழுந்த தையல்கள் நானூறு என்று சொல்வார்கள். 1942 முதல் 1967 வரையில் அந்தப் பெரிய லீக்கில் இருந்தவை ஆறே அணிகள். முதற் காவலர் என்ற உத்தியோகம் ஆறு பேருக்கு மட்டுமே உண்டு. ஏழாமவன் எந்த நேரமும் வாசலில் காத்திருப்பான். வலியை மறைத்து, தையலோடு திரும்பி வந்து நின்றதன் காரணத்தை வீரத்தில் மட்டும் தேடினால் போதாது. வேலை போய்விடும் என்ற அச்சமும் அதில் சரிபாதி.

இரண்டாமவர் லெவ் யாஷின். மாஸ்கோ நகரத்துத் தொழிலாளிக் குடும்பத்துப் பிள்ளை. யுத்த காலத்தில் பள்ளிப் படிப்பை விட்டு ஆயுதத் தொழிற்சாலையில் கருவி பிடித்தவர். அந்தத் தொழிற்சாலையின் அணிக்குக் கோல் காத்தவர். பின்னர் உள்நாட்டு மந்திரி இலாகாவின் விளையாட்டுச் சங்கமான டைனமோவில் சேர்ந்தார். காற்பந்து அணியில் அவருக்கு முன்னே மூத்த காவலர் ஒருவர் இருந்தபடியால், காத்திருந்த காலத்தில் ஐஸ் ஹாக்கிக்கும் காவல் நின்று 1953-இல் சோவியத் கோப்பையை வென்றார் என்பது பலருக்கும் தெரியாத செய்தி. அடுத்த ஆண்டே தேசியக் காற்பந்து அணிக்கு அழைக்கப்பட்டு, ஹாக்கியை விட்டார். 1956-இல் மெல்போர்ன் ஒலிம்பிக்கில் சோவியத் அணி தங்கம் வென்றபோது கோல் காத்தவர் அவர். ஐரோப்பாவின் சிறந்த காற்பந்து வீரருக்கான தங்கப் பந்து 1963-இல் அவருக்குக் கிடைத்தது; அதைப் பெற்ற கோல்கீப்பர் இன்றுவரை வேறு எவரும் இல்லை.

அதே மெல்போர்னில், இருபத்தோரு வயது நிறைவதற்குச் சில வாரங்கள் இருந்த நிலையில், இந்திய அணியின் இரண்டு கோல்கீப்பர்களில் ஒருவராக வந்திருந்தார் பீட்டர் தங்கராஜ்.

தங்கராஜ் 1935 டிசம்பர் 24-ஆம் தேதி ஹைதராபாத்தில் பிறந்தவர். நிஜாமின் தலைநகரத்துக்கு அருகே செகந்திராபாத்தில் ஆங்கிலேயர் பெரிய தண்டு அமைத்து, மதராஸ் பட்டாளங்களை அங்கே கொண்டுபோய் நிறுத்திய நாளிலிருந்து, சிப்பாய்களோடும் சமையற்காரர்களோடும் சில்லறை வியாபாரிகளோடும் தமிழ்க் குடும்பங்கள் அந்தத் தண்டைச் சுற்றிக் குடியேறி வந்தன. பட்டாளம் இருந்த இடத்தில் காற்பந்து இருந்தது. பின்னாளில் தங்கராஜோடு ஒரே இந்திய அணியில் ஆடிய துளசிதாஸ் பலராமும் செகந்திராபாத்தை அடுத்த அம்முகுடாவில் தமிழ்ப் பெற்றோருக்குப் பிறந்தவரே. மார்னிங் ஸ்டார், பிரெண்ட்ஸ் யூனியன் என்னும் உள்ளூர்க் கழகங்களில் ஆடிவந்த தங்கராஜ், 1953-இல் மதராஸ் ரெஜிமெண்டின் பயிற்சி மையத்தில் சேர்ந்து நீலகிரிக்கு வந்தார். குன்னூருக்கு அருகே வெலிங்டனில் அந்த மையம் இருக்கிறது. 1758-இல் தோன்றிய பட்டாளம் என்று தன் பிறப்பைக் கணக்கிடும் பழமையான படைப்பிரிவு அது.

அவர் அங்கே சேர்ந்தபோது சென்டர் பார்வர்டு. கோல் அடிக்கிறவர், தடுக்கிறவர் அல்லர். பின்னர் கோல்கீப்பராக மாறினார்; இந்த மாற்றம் எப்படி நிகழ்ந்தது என்பதைவிட, அதனால் விளைந்தது என்ன என்பதே என் மனத்துக்கு முக்கியமாகப் படுகிறது. ஆறடி மூன்று அங்குல உயரம் என்பது அந்தக் காலத்து இந்திய மைதானத்தில் அபூர்வம். அந்த உயரம் கம்பங்களுக்கு நடுவே வந்து நின்றபோது, மூலையிலிருந்து தூக்கிப் போடப்படும் பந்துகளெல்லாம் எதிரியின் தலைக்கு எட்டுமுன் அவர் கைக்குள் வந்தன. இன்னொரு லாபமும் உண்டு. கோலடித்துப் பழகியவன் கோல் காக்க வரும்போது, எதிரே ஓடி வருகிறவன் இடது காலை ஊன்றும் விதத்திலேயே அவன் எந்தப் பக்கம் அடிக்கப் போகிறான் என்பதை ஊகிக்கும் சக்தி இவனுக்கு உண்டு.

அந்த நாளைய கோல்கீப்பரின் நிலையை இன்றைய வாசகருக்குச் சற்று விளக்க வேண்டும். கைப்பிடிக்கும் பசை உறைகள் அப்போது இல்லை. மழை நாளில் கம்பளிக் கையுறை, மற்ற நாளில் வெறுங்கை. தோல் பந்து நனைந்தால் கனத்துவிடும். கையில் பந்தை வைத்திருக்கும் காவலரைத் தோளால் மோதித் தள்ளுவது விதிகளின்படியே செல்லும். 1958-இல் இங்கிலாந்தின் எப்.ஏ. கோப்பை இறுதியாட்டத்தில் நாட் லாப்ட்ஹவுஸ், மான்செஸ்டர் யுனைடெட் காவலர் ஹாரி கிரெக்கைப் பந்தோடு சேர்த்து வலைக்குள் தள்ளிய கோல் செல்லும் என்று நடுவர் தீர்ப்புச் சொன்னார் என்றால், நம் மைதானங்களில் நிலைமை எப்படி இருந்திருக்கும் என்று எண்ணிப் பார்க்கலாம். அத்தகைய காலத்தில் உயரத்தோடு உடற்கட்டும் உள்ள காவலர் ஒருவர் கிடைத்தது ரெஜிமெண்டுக்குப் பெரும் பாக்கியம்.

பலன் விரைவிலேயே தெரிந்தது. 1888-இல் சிம்லாவில் தொடங்கி, ஆங்கிலேயப் பட்டாளங்களே நெடுங்காலம் பங்கு போட்டுக்கொண்ட டூராண்ட் கோப்பையை, 1955-இல் மதராஸ் ரெஜிமெண்டல் சென்டர் வென்றது. 1958-இல் மீண்டும் வென்றது. மோகன் பகான், ஈஸ்ட் பெங்கால், ஹைதராபாத் போலீஸ் என்று புகழ்பெற்ற அணிகள் மோதிய போட்டியில், மலை மேல் கவாத்துப் பழகும் சிப்பாய்களின் அணி மூன்று ஆண்டு இடைவெளியில் இரண்டு முறை கோப்பையைத் தூக்கியது என்பது தென்னாட்டுக் காற்பந்தின் சரித்திரத்தில் பொன்னால் எழுத வேண்டிய செய்தி. இதைத் தமிழ்நாட்டில் பெரும்பாலோர் மறந்தேபோனது எனக்கு ஆற்றாமையாகவே இருக்கிறது.

மெல்போர்னில் இந்தியா ஆஸ்திரேலியாவை 4–2 என்று வென்று, ஒலிம்பிக் காற்பந்தில் அரையிறுதியை எட்டிய முதல் ஆசிய நாடு என்ற பெயரைப் பெற்று, யூகோஸ்லாவியாவிடமும் பல்கேரியாவிடமும் தோற்று நான்காம் இடத்தில் முடிந்தது. எஸ். எஸ். நாராயணும் தங்கராஜும் அந்த அணியின் காவலர்கள். 1958-இல் ஆசியாவின் சிறந்த கோல்கீப்பர் என்ற சிறப்பு தங்கராஜுக்கு வந்தது. 1960-இல் சர்வீசஸ் அணியின் தலைவராகச் சந்தோஷ் கோப்பையை வென்றார். அதே ஆண்டு ரோம் ஒலிம்பிக்கில் இந்தியா ஹங்கேரியிடம் 1–2 என்றும் பெருவிடம் 1–3 என்றும் தோற்று, பிரான்சுடன் 1–1 என்று சமன் செய்தது. எண்களை மட்டும் பார்க்கிறவர்களுக்கு அது சாதாரணமாகத் தோன்றலாம். எட்டு ஆண்டுகளுக்கு முன் ஹெல்சிங்கியில் யூகோஸ்லாவியாவிடம் பத்து கோல் வாங்கிய நாடு, காற்பந்தில் அந்நாளில் ஐரோப்பாவின் மகுடங்களில் ஒன்றாயிருந்த ஹங்கேரியை ஒரே கோல் வித்தியாசத்தில் நிறுத்தியது என்றால், அந்த எட்டு ஆண்டுகளில் பயிற்சியாளர் சையது அப்துல் ரஹீமும் அவருடைய பாதுகாப்பு வரிசையும் செய்த பிரயாசை எத்தகையது என்பது விளங்கும்.

ரஹீம் சாகிபின் பிரயாசைக்கு மகுடமாக அமைந்தது 1962-ஆம் ஆண்டு ஜகார்த்தா. அந்த ஆசிய விளையாட்டுப் போட்டிக்கு இஸ்ரேலுக்கும் தைவானுக்கும் இந்தோனேசிய அரசாங்கம் அனுமதிச் சீட்டு வழங்கவில்லை. அவ்விரு நாடுகளையும் விலக்கிய போட்டியை ஆசிய விளையாட்டு என்று அழைக்கலாகாது என்று இந்தியரான குரு தத் சோந்தி எழுப்பிய ஆட்சேபம் ஜகார்த்தா மக்களுக்குப் பெருங்கோபம் மூட்டியது. செப்டம்பர் 3-ஆம் தேதி கூட்டம் ஒன்று இந்தியத் தூதரகத்தைத் தாக்கியது. மறுநாள் இறுதியாட்டம், எதிரணி, தொடக்க ஆட்டத்தில் இந்தியாவை 2–0 என்று வென்றிருந்த தென் கொரியா.

இந்திய அணியின் நிலையோ பரிதாபமானது. பாதுகாப்பின் தூணான ஜர்னைல் சிங், தாய்லாந்து ஆட்டத்தில் தலை உடைந்து தையலோடு இருந்தார். பின்வரிசையில் நிற்க முடியாதவரை ரஹீம் துணிந்து முன்வரிசைக்கு மாற்றினார். காய்ச்சலில் விழுந்திருந்த தங்கராஜுக்குப் பதிலாக அரையிறுதியில் கோல் காத்தவர் பிரத்யுத் பர்மன். இறுதியாட்டத்துக்குத் தங்கராஜ் எழுந்து வந்தார். காய்ச்சல் விட்ட உடம்பில் கண் கூசும், கால் கனக்கும், பந்து வரும் தூரம் பிடிபடாது. ஓடி ஆடுகிறவன் அதைப் பத்து நிமிஷ ஓட்டத்தில் வியர்வையோடு வெளியேற்றிவிடலாம், நின்று காக்கிறவனுக்கு அந்த வழியும் கிடையாது. புதிதாகக் கட்டப்பட்ட செனாயன் மைதானத்தில், இலட்சம் பேர் கூடக்கூடிய வட்டத்தில், இந்திய தேசிய கீதத்துக்கே கூச்சல் எழுந்த சூழ்நிலையில் ஆட்டம் தொடங்கியது.

பதினேழாம் நிமிஷத்தில் பி. கே. பானர்ஜி கோல் அடித்தார். மூன்று நிமிஷம் கழித்து, தலைக்கட்டோடு முன்வரிசையில் நின்ற ஜர்னைல் சிங் இரண்டாவது கோலை அடித்தார். எஞ்சியிருந்த காலம் முழுவதும் ஆட்டத்தின் பாரம் பின்வரிசையின் மேலும் தங்கராஜின் மேலும் விழுந்தது. கொரியர்கள் ஆட்டம் முடியும் தறுவாயில்தான் ஒரு கோலைத் திருப்ப முடிந்தது. அந்த மைதானத்தில் இந்தியாவுக்காகக் குரல் கொடுத்தவர்கள், ஹாக்கி இறுதியில் இந்தியாவைத் தோற்கடித்திருந்த பாகிஸ்தான் வீரர்கள்தாம் என்று அன்றைய ஆட்டக்காரர்கள் பிற்காலத்தில் நன்றியோடு நினைவுகூர்ந்திருக்கிறார்கள். 2–1, தங்கப் பதக்கம். அடுத்த ஆண்டு ஜூன் மாதத்தில் ரஹீம் புற்றுநோயால் காலமானார். ஆசிய விளையாட்டுக் காற்பந்தில் இந்தியா அதற்குப் பின் தங்கம் வென்றதில்லை.

1960-க்குப் பிறகு தங்கராஜின் வாழ்க்கை கல்கத்தாவுக்கு மாறியது. முகமதன் ஸ்போர்ட்டிங், மோகன் பகான், ஈஸ்ட் பெங்கால் என்று மூன்று பெரிய கழகங்களுக்கும் கோல் காத்தார்; கடைசி ஆறாண்டுகள் ஈஸ்ட் பெங்காலில். ஒலிம்பிக் விதிகளின் நிர்ப்பந்தத்தால் காகிதத்தில் எல்லாரும் அமெச்சூர்களாக இருந்த காலம் அது. ஆட்டமே தொழில் என்று வெளிப்படையாகச் சொல்ல இந்தியாவில் எந்தக் காற்பந்து வீரனாலும் முடியாது. பிளாண்டுக்கு ஒப்பந்தம் இருந்தது, ஒப்பந்தத்தோடு வேலை போகும் பயமும் இருந்தது. யாஷினுக்கு அரசாங்க இலாகா இருந்தது. தங்கராஜுக்கு முதலில் பட்டாளமும், பிறகு கழகங்களும். 1964-இல் இஸ்ரேலில் நடந்த ஆசியக் கோப்பையில் இந்தியா இரண்டாம் இடம் பெற்றபோதும், 1966-இல் பாங்காக் ஆசிய விளையாட்டிலும் அவர் இருந்தார். 1967-இல் அர்ஜுனா விருது. 1971-இல், முப்பத்தைந்து வயதில், ஓய்வு பெற்றார். அதே 1971 மே மாதத்தில்தான் மாஸ்கோவில் யாஷினுக்கு விடை கொடுக்கும் ஆட்டம் நடந்தது. அப்போது அவருக்கு நாற்பத்தொன்று. பிளாண்ட் அவர்களைக் காட்டிலும் நெடுங்காலம் நின்றார். நாற்பத்தாறு வயது வரையில் தொழில்முறை ஆட்டத்தில் வலை காத்தார்.

ஓய்வுக்குப் பின் தங்கராஜ் கோவாவின் வாஸ்கோ கழகத்திலும், பிறகு பொகாரோவிலும் பயிற்சியாளரானார். பொகாரோ என்பது இரும்பு உருக்காலை ஊர். ஆலைக்காகவே எழுப்பப்பட்ட நகரம். அங்கேதான் தம் வாழ்நாளின் பிற்பகுதியைக் கழித்தார். பட்டாளத்தில் தொடங்கிய வாழ்க்கை ஆலை நகரத்தில் வந்து முடிந்தது என்பதை நான் தற்செயலாகக் கொள்ளவில்லை. கோப்பைகளை அடுக்கி வைத்த கல்கத்தாக் கழகங்களால் ஒரு மனிதனுக்கு முதுமை வரைக்கும் இடம் கொடுக்க முடியவில்லை. உருக்காலை நகரத்தால் முடிந்தது. 2008 நவம்பர் 24-ஆம் தேதி பொகாரோவிலேயே அவர் காலமானார்.

இனி நம் கடற்கரைக்குத் திரும்புவோம். வெலிங்டன் மையம் தங்கராஜுக்குக் கொடுத்தவை எவை என்று பார்த்தால், மூன்று வேளை உணவு, தினந்தோறும் பயிற்சிக்கு நேரம், அடிபட்டால் வைத்தியசாலை, சரியாக ஆடாத வாரத்திலும் நிற்காத சம்பளம் ஆகியவையே. இவற்றில் எதுவும் துறைமுகத்தாலோ ரயில்பெட்டித் தொழிற்சாலையாலோ கொடுக்க முடியாததன்று. அவை கொடுத்தே வந்தன. வடசென்னைப் பிள்ளைகளுக்குத் திறமை குறைவு என்று எவரும் சொல்லத் துணிய மாட்டார்கள். வியாசர்பாடியின் சந்துகளிலிருந்து தனபால் கணேஷ் இந்திய அணி வரைக்கும் சென்றதை இந்தத் தலைமுறை கண்ணால் கண்டது. ஆனால் அவர் சென்ற வழி வேறு. இன்று ஒரு பிள்ளைக்குக் கழக ஒப்பந்தம் கிடைக்கிறது. சில ஆண்டுகளுக்கு நல்ல பணமும் கிடைக்கிறது. முழங்கால் தசைநார் அறுந்தால் அதற்கப்பால் அவனைத் தாங்க ஆலையும் இல்லை, சம்பளப் பட்டியலும் இல்லை.

கோல்கீப்பருக்கு இந்த மாற்றம் மிகவும் பாதகமானது என்பதை ஆட்டத்தின் கணக்கே சொல்லும். ஓர் அணியில் முன்வரிசைக்கு நான்கைந்து பேர் மாறி மாறி இறங்கலாம்; கோலுக்கு இடம் ஒன்றுதான். இரண்டாவது காவலன் வருஷக் கணக்கில் ஓரத்தில் உட்கார்ந்திருக்க வேண்டும். யாஷின் அப்படிக் காத்திருந்தவர். காத்திருப்பதற்குச் சம்பளம் கொடுக்கிற ஸ்தாபனம் இருந்தால்தான் அவன் காத்திருப்பான். இல்லாவிட்டால் இருபத்திரண்டு வயதில் சரக்குப் பெட்டக நிலையத்தில் ஒப்பந்தக் கூலிக்குப் போய்விடுவான், அவன் எவ்வளவு பெரிய காவலனாகியிருப்பான் என்பது அவனுக்கே தெரியாமல் போய்விடும். பின்னி ஆலை மூடப்பட்டுவிட்டது. துறைமுகத்தில் நிரந்தர உத்தியோகங்கள் சுருங்கிவிட்டன. திருவொற்றியூர் நெடுஞ்சாலையில் ஒரு காலத்தில் சங்கு ஊதிய ஆலைகள் பல இன்று இல்லை. ஆலை மூடும்போது கூலி போகிறது என்பதைப் பற்றி எழுதியிருக்கிறார்கள். அதோடு அணியும் போகிறது, அணியோடு மைதானமும் போகிறது, மைதானத்தோடு அந்தத் தெருவில் இரண்டு செங்கல்லுக்கு நடுவே நின்று பழகும் சிறுவனுடைய எதிர்காலமும் போகிறது என்பதையும் எழுத வேண்டும். வருஷத்துக்கு இரண்டு மூன்று இளங்காவலர்களையாவது துறைமுகமும் ரயில்வேயும் நிரந்தரமாக எடுத்துக்கொண்டு, பத்தாண்டு பொறுமையோடு வளர்க்க வேண்டும் என்பது என் திடமான கோரிக்கை. செலவு ஒரு கிரேன் சக்கரத்தின் விலைக்கு மேல் போகாது.

தங்கராஜைப் போலவே பட்டாளத்தில் வளர்ந்து, காற்பந்திலிருந்து ஹாக்கிக்கு வந்து, 1956, 1960, 1964 ஆகிய மூன்று ஒலிம்பிக்கில் இந்தியாவின் கோல் காத்து, 1966-இல் ஆசிய விளையாட்டில் அணித்தலைவராகத் தங்கம் வென்ற ஷங்கர் லட்சுமணனுடைய கதை இதனோடு சேர்த்துப் படிக்க வேண்டியது. மராட்டா காலாட்படையின் வாத்தியக் குழுவில் சேர்ந்த அந்த மாவ் நகரத்துச் சிறுவன், 1964-இல் டோக்கியோவில் பாகிஸ்தானுக்கு எதிரான இறுதியாட்டத்தில் ஒரு கோலும் விடாமல் நின்றதையும், பின்னர் மாவ் நகரத்திலேயே வறுமையில் வாடி 2006-இல் இறந்ததையும் அடுத்த பகுதியில் விரிவாகப் பார்ப்போம்.

(தொடரும்)